‘குரங்கு அலப்பும்’ என்ற ஒரு சொல் போதுமா? வீட்டுப் பின்புறம் கேட்கும் குரங்கொலிகள் பற்றி ஓர் ஐயம்

கேள்வி: பாஞ்சாங்வாசி

அனைவருக்கும் வணக்கம். தொடக்கநிலை 4-இல் படிக்கும் என் மகனுக்குச் சென்ற வாரம் ஒலிமரபுப் பயிற்சித்தாள் ஒன்று கொடுத்திருந்தார்கள். நாய் குரைக்கும், யானை பிளிறும், மயில் அகவும், ஆந்தை அலறும் என்று தடையின்றி எழுதிக்கொண்டு வந்தவன், ‘குரங்கு அலப்பும்’ என்ற இடத்தில் பென்சிலைக் கீழே வைத்துவிட்டான். “அம்மா, நம் வீட்டுப் பின்னால் வரும் குரங்குகள் எப்போதும் ஒரே மாதிரியா சத்தம் போடுகின்றன?” என்று அவன் கேட்டதற்கு என்னால் உடனே பதில் சொல்ல முடியவில்லை.

நாங்கள் சிங்கப்பூரின் புக்கிட் பாஞ்சாங்கில், காட்டை ஒட்டிய புளோக் ஒன்றின் மூன்றாம் மாடியில் இருக்கிறோம். சமையலறைச் சன்னலுக்கு நேர் எதிரே மழைநீர்க் கால்வாயும் அதன் கம்பித் தடுப்பும், அதற்கப்பால் மரங்களும் உள்ளன. காலை 7 மணி வாக்கில் குரங்குகள் அந்தக் கம்பியின்மேல் வந்து அமர்வதைப் பல ஆண்டுகளாகப் பார்த்து வருகிறேன். ஆனால் மகன் கேட்ட பிறகுதான் காதுகொடுத்துக் கேட்கத் தொடங்கினேன்.

மரங்களுக்குள்ளிருந்து மெல்லிதாக நீளும் ‘ஊ…’ என்ற ஒலி ஒன்று உண்டு; அதற்குச் சற்றுத் தள்ளி வேறொரு குரங்கு அதேபோல் குரல் கொடுக்கிறது. சில நாள்களில் ‘க்ரா! க்ரா!’ என்று வெட்டி வெட்டி வரும் கடுமையான ஒலி கேட்கும்; அப்போது எல்லாக் குரங்குகளும் செய்துகொண்டிருந்ததை விட்டுவிடுகின்றன. குட்டிகள் வீறிடும் ஒலி மூன்றாவது. அதைக் கேட்டால் எனக்கு வயிற்றைப் பிசைகிறது, யாரோ அதை அடிப்பது போலவே இருக்கும். இவை தவிர, ஒலியே எழாமல் உதடுகளை மட்டும் படபடவென்று அசைக்கின்றன.

இவை ஒவ்வொன்றும் எதற்காக? குரங்குகள் ஒன்றுக்கொன்று ஏதேனும் சொல்லிக்கொள்கின்றனவா, அல்லது வலியில் நாம் ‘ஆ’ என்று கத்துவதைப் போல அவற்றை அறியாமலே வருகிறதா? பத்து வயதுப் பிள்ளைக்குப் புரியும்படி, ஆனால் பிழையில்லாமல் சொல்ல விரும்புகிறேன்.

மறுமொழி 1: காட்டுவழி நடையர்

வணக்கம் சகோதரி. மெக்ரிட்சி, புக்கிட் தீமா பகுதிகளில் பள்ளி மாணவர்களை இயற்கை நடைக்கு அழைத்துச் செல்லும் தொண்டூழியர்களுள் நானும் ஒருவன். உங்கள் மகன் கேட்டது மிகச் சரியான கேள்வி. உங்கள் சன்னலுக்கு எதிரே வருபவை நீண்டவால் மக்காக் குரங்குகள். அவற்றின் கூட்டத்தில் பெண்குரங்குகள் பிறந்த கூட்டத்திலேயே வாழ்நாள் முழுவதும் இருக்கும்; ஆண்கள் வளர்ந்ததும் வேறு கூட்டத்துக்குப் போய்விடும். ஆகவே நீங்கள் கேட்கும் குரல்களில் பெரும்பாலானவை தாய், மகள், சகோதரி, பாட்டி என்று ஒன்றையொன்று பிறந்த நாளிலிருந்து அறிந்தவர்களுக்கு இடையிலானவை. இதை மனத்தில் வைத்துக்கொண்டு கேட்டால் பல ஒலிகள் தாமே விளங்கும்.

அந்த நீண்ட ‘ஊ’ தொடர்புக் குரல். இலை அடர்ந்த காட்டில் பத்து மீட்டருக்கு அப்பால் இருப்பவர் கண்ணுக்குத் தெரியமாட்டார். இரை தேடிப் பிரிந்திருக்கும்போது ‘நான் இங்கே இருக்கிறேன், நீ எங்கே?’ என்பது போல இக்குரல் போய்வருகிறது. ஒவ்வொரு குரங்கின் குரலும் சற்றே வேறுபடுவதால், கேட்பவருக்கு அது யாருடைய குரல் என்பதும் தெரிந்துவிடும்.

‘க்ரா’ எச்சரிக்கை. இதை நான் முதன்முதலாக நன்கு புரிந்துகொண்ட நாளைச் சொல்கிறேன். மெக்ரிட்சியில் ஓர் ஓடையோரம் நடந்துகொண்டிருந்தபோது, பத்துப் பன்னிரண்டு குரங்குகள் தாழ்ந்த கிளைகளில் நின்றுகொண்டு இடைவிடாமல் இவ்வொலியை எழுப்பிக்கொண்டிருந்தன. எங்களைப் பார்த்துத்தான் கத்துகின்றன என்று மாணவர்கள் நினைத்தார்கள். ஆனால் ஒரு குரங்குகூட எங்கள் பக்கம் திரும்பவில்லை. எல்லாத் தலைகளும் ஓடைக்கரையில் ஒரே இடத்தை நோக்கிக் குனிந்திருந்தன. ஒரு தாய் குட்டியை வயிற்றோடு இறுக்கிக்கொண்டிருந்ததில் அதன் வால் மட்டுமே வெளியே தெரிந்தது. அந்த இடத்தையே நாங்களும் உற்றுப் பார்த்து, காய்ந்த இலைகளின் நிறத்திலேயே சுருண்டு கிடந்த மலைப்பாம்பைக் கண்டுபிடிக்கச் சில நிமிடங்கள் ஆயின. அது நகரத் தொடங்கியதும் குரங்குகள் ஓடிவிடவில்லை; கிளைக்குக் கிளை தாவி, கத்திக்கொண்டே அதைப் பின்தொடர்ந்தன.

ஏன் ஓடவில்லை என்று ஒரு மாணவி கேட்டாள். மலைப்பாம்பு துரத்திப் பிடிக்கும் விலங்கன்று. ஓரிடத்தில் அசையாமல் கிடந்து, அருகே வருவதைப் பிடிப்பது. அது கிடக்கும் இடம் ஊரறிந்து போன பிறகு அங்கே காத்திருப்பதில் பயனில்லை. எனவே அந்தக் குரல் கூட்டத்தாருக்கு எச்சரிக்கையாகவும், பாம்புக்கு ‘உன்னைப் பார்த்துவிட்டோம்’ என்ற அறிவிப்பாகவும் ஒரே நேரத்தில் பயன்படுகிறது.

குட்டியின் வீறிடலைப் பற்றி நீங்கள் கலங்க வேண்டியதில்லை, பெரும்பாலும். தாய் பால்குடி மறக்கச் செய்யும் காலத்தில் குட்டியை மார்பிலிருந்து விலக்கிவிடும். அப்போது குட்டி உடலெல்லாம் குலுங்கக் கத்தும். கேட்பவர்கள் குட்டிக்கு அடிபட்டுவிட்டது என்றெண்ணி உதவிக்கு ஓடுவதைப் பலமுறை கண்டிருக்கிறேன். தயவுசெய்து அருகே போகாதீர்கள்; குட்டியின் கத்தலோடு ஒரு மனிதர் நெருங்கிவருவதும் சேர்ந்துவிட்டால், அவர்தான் காரணம் என்று பெரிய குரங்குகள் முடிவுசெய்துவிடும்.

உதட்டசைவு நட்பின் அடையாளம். பேன் பார்க்க நெருங்கும் குரங்கும், குட்டியைக் கொஞ்சும் குரங்கும் இதைச் செய்யும். இதற்கு நேர்மாறாக, பல்லைக் காட்டுவது சிரிப்பன்று. அது பெரும்பாலும் அச்சத்தின், அடங்கிப்போவதன் அடையாளம். வாயைத் திறந்து முறைத்துப் பார்த்தால் அது மிரட்டல். ஆகவே பிள்ளைகளிடம், குரங்கைப் பார்த்துப் பல் தெரியச் சிரிக்கவேண்டாம், கண்ணுக்குக் கண் பார்க்கவேண்டாம் என்று சொல்லிவையுங்கள். உணவு கொடுப்பது வனவிலங்குச் சட்டப்படி குற்றம் என்பதும், முதல்முறைக்கே 5,000 வெள்ளி வரை அபராதம் விதிக்கப்படலாம் என்பதும் தெரிந்ததுதான். ஆனால் என் கவலை அபராதம் பற்றியது அன்று. மனிதர் கையிலிருந்து உண்ணப் பழகிய கூட்டம் நம் நெகிழிப்பையின் சலசலப்புக்குத் தன் சொந்தக் கூட்டத்தின் குரலைவிட விரைவாகத் தலைதிருப்புகிறது. அதைக் காண எனக்கு மிகுந்த வருத்தமாக இருக்கிறது.

‘ஏதேனும் சொல்லிக்கொள்கின்றனவா’ என்ற உங்கள் பெரிய கேள்விக்கு, கென்யாவின் அம்போசெலியில் வாழும் வெர்வெட் குரங்குகளைப் பற்றிய ஆய்வே தொடக்கம். சிறுத்தைக்கு ஒரு குரல், கழுகுக்கு ஒரு குரல், பாம்புக்கு ஒரு குரல் என அவை வெவ்வேறாக எழுப்புவதை 1967-இல் தாமஸ் ஸ்ட்ரூசேக்கர் விவரித்தார். பிறகு ராபர்ட் செய்ஃபார்த், டோரதி செனி, பீட்டர் மார்லர் ஆகிய மூவரும் அக்குரல்களைப் பதிவுசெய்து, எந்த எதிரியும் இல்லாத நேரத்தில் ஒலிபெருக்கி மூலம் ஒலிக்கச் செய்தார்கள். முடிவுகள் 1980-இல் வெளியாயின. சிறுத்தைக் குரலைக் கேட்டவை மரத்தில் ஏறின. கழுகுக் குரலைக் கேட்டவை அண்ணாந்து பார்த்தன அல்லது புதருக்குள் ஓடின. பாம்புக் குரலைக் கேட்டவை பின்னங்கால்களில் எழுந்து நின்று புல்லைக் குனிந்து பார்த்தன. சிறுத்தையும் இல்லை, கழுகும் இல்லை, பாம்பும் இல்லை. குரல் மட்டுமே இருந்தது.

அதே குழுவினர் செய்த இன்னொரு சோதனைதான் எனக்கு மிகவும் பிடித்தது. ஒரு குட்டி வீறிடும் ஒலியை, அதன் தாயும் வேறு சில பெண்குரங்குகளும் சேர்ந்திருக்கும் இடத்தில் ஒலிக்கச் செய்தார்கள். தாய் ஒலி வந்த திசையைப் பார்த்தது. மற்றப் பெண்குரங்குகளோ தாயின் முகத்தைப் பார்த்தன. கத்துவது யார் என்பதோடு, அது யாருடைய பிள்ளை என்பதும் அவற்றுக்குத் தெரிந்திருந்தது.

மறுமொழி 2: ஓய்வுபெற்ற தமிழாசிரியர்

அம்மா, பயிற்சித்தாளில் ‘அலப்பும்’ என்றே எழுதச் சொல்லுங்கள். அதுவே மரபு, மதிப்பெண்ணும் அதற்குத்தான். ஆனால் உங்கள் மகனின் ஐயத்தில் நியாயம் இருக்கிறது. அலப்புதல் என்றால் ஓயாமல் பயனின்றிப் பேசுதல் என்று பொருள். இன்றைக்கும் வீட்டில் ‘என்ன அலப்பிக்கொண்டிருக்கிறாய்’ என்று கேட்கிறோம். தோப்பில் இருபது குரங்குகள் சேர்ந்து எழுப்பும் இரைச்சலைத் தொலைவிலிருந்து கேட்டவர் வைத்த பெயர் அது. அருகிலிருந்து கேட்டவர்களும் நம் மொழியில் இருந்திருக்கிறார்கள். ஆணைக் கடுவன் என்றும், பெண்ணை மந்தி என்றும், குட்டியைப் பறழ் என்றும், இனம் பிரித்து முசு என்றும் ஊகம் என்றும் சொல்லிவைத்த மொழி இது. உருவத்துக்கு இத்தனை பெயர் வைத்தவர்கள் ஒலிக்கு ஒரே வினையோடு நின்றதைத்தான் உங்கள் மகன் கண்டுபிடித்திருக்கிறான்.

கட்டுரை எழுதும்போது அவன் ஒரே வினையோடு நிற்க வேண்டியதில்லை. தொடர்புக்குரல் கொடுக்கும் குரங்கு ‘கூவுகிறது’ எனலாம், பாம்பைக் கண்டது ‘கத்துகிறது’, பால் மறுக்கப்பட்ட குட்டி ‘வீறிடுகிறது’, மிரட்டுவது ‘உறுமுகிறது’. இவை எல்லாம் நம் வாயில் நாள்தோறும் புழங்கும் சொற்களே. எந்த ஒலிக்கு எந்தச் சொல் என்று அவனையே தேர்ந்தெடுக்க விடுங்கள்.

மறுமொழி 3: ஜோகூர்க்காரர்

ஒரு சிறு சேர்க்கை. மலாயில் இந்தக் குரங்குக்குக் ‘கெரா’ என்று பெயர். அது எழுப்பும் ‘க்ரா’ என்ற எச்சரிக்கை ஒலியிலிருந்தே அப்பெயர் வந்திருக்கலாம் என்று சொல்வார்கள். காகத்துக்கு நாம் பெயர் வைத்த முறைதான்.

மண்டாய்ப் பக்கம் காலையில் காட்டையே நிறைப்பது போல் எழும் கூவலைக் கேட்டு அதுவும் இக்குரங்குகள்தாம் என்று சிலர் எண்ணிக்கொள்கிறார்கள். அது விலங்குத் தோட்டத்தில் உள்ள சியாமாங்குகளின் குரல். அவை வாலில்லாக் குரங்கினம். தொண்டைப் பை பலூன் போல உப்ப, ஆணும் பெண்ணும் இணைந்து பாடும். ‘இது எங்கள் இடம்’ என்று அக்கம்பக்கத்துக்கு அறிவிப்பதே அதன் வேலை.

மறுமொழி 4: உயிரியல் மாணவர்

காட்டுவழி நடையர் ஐயா சொன்னவற்றோடு எனக்கு முரண்பாடு இல்லை. ஆனால் சிறுவனிடம் ‘குரங்குகள் பேசுகின்றன’ என்று சொல்லிவிடக் கூடாது என்பதற்காக இதை எழுதுகிறேன்.

கேட்கும் குரங்குக்கு அந்தக் குரலிலிருந்து பொருள் கிடைக்கிறது என்பது உறுதி. எழுப்பும் குரங்கு அந்தப் பொருளைத் தெரிவிக்க எண்ணித்தான் எழுப்புகிறதா என்பது வேறு கேள்வி. செனியும் செய்ஃபார்த்துமே 1990-இல் வெளியிட்ட ஆய்வில், மக்காக் தாய்களுக்கு ஓர் ஆபத்து அல்லது உணவு இருப்பதைக் காட்டினார்கள். சில முறை குட்டியும் அதைக் கண்டது. சில முறை காணவில்லை. குட்டிக்குத் தெரியாது என்பதற்காகத் தாய் கூடுதலாகக் குரல் கொடுக்கவில்லை. நம் வீட்டில் ஒரு தாய், அடுப்பு சூடாக இருப்பதை அறியாத பிள்ளையிடம் அப்படி இருக்கமாட்டார்.

இன்னொன்று, பெரும்பாலான குரங்குகளின் குரல்கள் பிறவியிலேயே அமைந்தவை. ஜப்பானிய மக்காக் குட்டியை ரீசஸ் என்ற வேறு மக்காக் இனத்தின் கூட்டத்தில் விட்டு வளர்த்தபோதும் அது பெரிதும் தன் இனத்தின் குரலையே எழுப்பியது. 2019-இல் வெளியான செனகல் ஆய்வு இதற்கு நல்ல சான்று. அங்குள்ள பச்சைக் குரங்குகளின் மேலே ஆய்வாளர்கள் ஒரு டிரோனைப் பறக்கவிட்டார்கள். அதற்குமுன் டிரோனைக் கண்டிராத அக்குரங்குகள், கிழக்கு ஆப்பிரிக்காவில் உள்ள அவற்றின் உறவினமான வெர்வெட் கழுகுக்கு எழுப்பும் குரலையே பெரிதும் ஒத்த குரலை எழுப்பின. குரல் உள்ளே ஆயத்தமாக இருந்தது. ஆனால் அதே குரங்குகள் டிரோனின் இரைச்சலை அதன்பின் கேட்டபோதே வானைத் தேடத் தொடங்கிவிட்டன. அதாவது, எந்த ஒலிக்கு என்ன பொருள் என்பதைக் கற்றுக்கொள்வதில் அவை மிக விரைவானவை. புதிய ஒலியை உருவாக்குவதில்தான் தடை.

அந்தத் தடை தொண்டையில் இருக்கிறது என்று நெடுங்காலம் நம்பப்பட்டது. 2016-இல் டெகும்சே ஃபிட்ச், ஆசிஃப் கசன்ஃபர் உள்ளிட்டோர் எமிலியானோ என்ற குரங்கு கத்தும்போதும் உண்ணும்போதும் உதட்டை அசைக்கும்போதும் எக்ஸ்ரே படம்பிடித்து, அதன் வாயும் தொண்டையும் எத்தனை வடிவங்களை எடுக்க முடியும் என்று கணக்கிட்டார்கள். புரியும்படியான பேச்சை உண்டாக்க அந்த வடிவங்கள் போதும் என்று தெரியவந்தது. ஒரு முழு வாக்கியத்தையே கணினி மூலம் அந்தத் தொண்டையின் குரலில் உருவாக்கிக் காட்டினார்கள். இல்லாதது அதை இயக்கும் மூளை அமைப்பே. இதில் உங்கள் மகனுக்குப் பிடிக்கக்கூடிய செய்தி ஒன்று உண்டு: எமிலியானோவும் நீண்டவால் மக்காக்தான், உங்கள் கால்வாய்க் கம்பியில் வந்து அமரும் அதே இனம்.

நீங்கள் குறிப்பிட்ட ஒலியில்லா உதட்டசைவையும் கசன்ஃபரின் குழுவினர் ஆராய்ந்திருக்கிறார்கள். அது நொடிக்கு ஏறத்தாழ 5 முறை நிகழ்கிறது. நம் பேச்சில் அசைகள் வரும் வேகமும் கிட்டத்தட்ட அதுவே. பேச்சின் தாளம் கத்தலிலிருந்து வந்திருக்க வேண்டியதில்லை, இந்த ஓசையற்ற கொஞ்சலிலிருந்து வந்திருக்கலாம் என்ற கருத்து எனக்கு மிகவும் பொருத்தமாகப் படுகிறது.

மறுமொழி 5: காட்டுவழி நடையர்

தம்பி சொன்ன திருத்தத்தை ஏற்றுக்கொள்கிறேன். ‘பேசுகின்றன’ என்பது என் சொல்லும் அன்று. ஆயினும் எழுப்புபவர் கேட்பவரைக் கருதுவதே இல்லை என்ற அளவுக்குப் போகவேண்டாம். சுமத்ராவில் தாமஸ் லங்கூர் என்ற இலை தின்னும் குரங்கினம் உண்டு. புலியின் தோற்றம் ஒன்றைக் காட்டியபோது, கூட்டத்தின் ஆண் எச்சரிக்கைக் குரல் கொடுத்துக்கொண்டே இருந்ததாகவும், கூட்டத்தில் உள்ள ஒவ்வொன்றும் ஒருமுறையேனும் பதில் குரல் கொடுத்த பிறகே அது நிறுத்தியதாகவும் 2006-இல் ஓர் ஆய்வு வெளியானது. யார் குரல் கொடுத்தார், யார் இன்னும் கொடுக்கவில்லை என்று அது நினைவில் வைத்திருக்கிறது என்பதே ஆய்வாளர்களின் முடிவு. அதன் மனத்தில் என்ன ஓடுகிறது என்று நான் வாதிட வரவில்லை; ஆனால் வலியில் ‘ஆ’ என்று கத்துவதற்கு வருகைப்பதிவு தேவையில்லை. தம்பிக்கும் தெரிந்திருக்கும், மார்மொசெட் என்ற சிறு குரங்குகள் ஒன்றையொன்று அழைக்கும்போது ஒவ்வொருவருக்கும் தனித்தனிக் குரலைப் பயன்படுத்துகின்றன என்று 2024-இல் வெளியான ஆய்வு கூறுகிறது. பெயர் சொல்லி அழைப்பதற்கு அது வெகு அருகில் வந்துவிட்டது.

அந்தத் தாமஸ் லங்கூருக்கு நெருங்கிய உறவு நம் தீவிலேயே இருக்கிறது. தொடையில் வெள்ளைப் பட்டை கொண்ட ராஃபிள்ஸ் லங்கூர். மலாயில் இவ்வகைக் குரங்குகளை ‘லோத்தோங்’ என்பார்கள். இங்கு நூற்றுக்கும் குறைவாகவே எஞ்சியுள்ளன. புக்கிட் தீமாவில் இருந்த கடைசி ஒன்று 1987-இல் நாய்களால் கொல்லப்பட்டது. இப்போது மத்திய நீர்ப்பிடிப்புப் பகுதியில்தான் வாழ்கின்றன. ஆண் எச்சரிக்கும்போது ‘கெ-கெ-கெ’ என்று கிலுகிலுப்பையை உலுக்கியது போல் ஒலிக்கும். இத்தனை ஆண்டு நடையில் அதை நான் கேட்டது மிகச் சில முறைதான். தோம்சன் இயற்கைப் பூங்காவுக்கு விடியலில் மகனை அழைத்துச் செல்லுங்கள். அவை நம்மைக் கண்டதும் இலைகளுக்குள் ஒடுங்கிவிடும் கூச்ச சுபாவம் உள்ளவை. ஆகையால் கண்ணைவிடக் காதைத்தான் நம்ப வேண்டியிருக்கும்.

கேள்வி கேட்டவர்: பாஞ்சாங்வாசி

அனைவருக்கும் நன்றி. உங்கள் பதில்களை மகனுக்குப் படித்துக் காட்டினேன். எமிலியானோவின் எக்ஸ்ரேயைப் பற்றி மூன்று முறை கேட்டான். பயிற்சித்தாளில் ‘அலப்பும்’ என்று எழுதிவிட்டு, குறிப்பேட்டில் ஆசிரியர் ஐயா சொன்ன நான்கு வினைகளையும் தனியே எழுதி, ஒவ்வொன்றுக்கும் எதிரே கோடு போட்டு எண்ணத் தொடங்கினான். ஐந்து காலைகளில் கூவியதற்கு 41 கோடுகள், வீறிட்டதற்கு 6, உறுமியதற்கு 3. கத்தியதற்கு இதுவரை ஒரு கோடும் இல்லை. பாம்பு எப்போது வரும் என்று கேட்டுக்கொண்டிருக்கிறான்.

சனிக்கிழமை காலை ஒன்று நடந்தது. கம்பித் தடுப்பின்மேல் நான்கு பெண்குரங்குகள் பேன் பார்த்துக்கொண்டிருந்தன. கால்வாய்க்கு அப்பால் மரத்துக்குள், எங்கள் கண்ணுக்குப் படாத இடத்தில், ஒரு குட்டி வீறிட்டது. நான் வழக்கம் போல் மரத்தைப் பார்த்தேன். மகன் என் கையைப் பிடித்து இழுத்து, “அங்கே இல்லை அம்மா, கம்பியைப் பாருங்கள்” என்று மெதுவாகச் சொன்னான். மூன்று குரங்குகள் நான்காவதன் முகத்தைப் பார்த்துக்கொண்டிருந்தன. அது கையிலிருந்த வேலையை விட்டு எழுந்து, கம்பியோடு நடந்து, மரத்துக்குத் தாவிப் போயிற்று.